திட்டுவது பேச்சாகாது

யார் போடுவது?

பேப்பரை மடித்துவிட்டு, "இவனுங்களையெல்லாம் தூக்குல போடணும் சார்" என்றீர்களே, அதைத்தான் கேட்கிறேன். யார் போடுவது? நீங்கள் வருவீர்களா? வர மாட்டீர்கள். டீக்கடையில் போடுவீர்கள். பஸ்ஸில் போடுவீர்கள். நத்தம் வருவதற்குள் நாலு பேரைத் தொங்கவிட்டுவிட்டு இறங்கிப் போய்விடுவீர்கள்.

முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளாதீர்கள். நானும் உங்கள் கட்சிதான். கொலை செய்தவனுக்குத் தூக்கு. அதில் எனக்கு இரண்டு பேச்சு கிடையாது. ஜெயிலில் ஏட்டாக இருந்து ரிட்டயர் ஆனவன் நான். மாசிலாமணி. எந்த ஊர் ஜெயில் என்று கேட்காதீர்கள், சொல்ல மாட்டேன். தூக்குக் கொட்டடிக் காவல் என்னுடையது. அந்த டியூட்டியை யாரும் கேட்டு வாங்க மாட்டார்கள். எனக்குக் கொடுத்தார்கள். ஏன் கொடுத்தார்கள்? நான் யாரிடமும் பேச மாட்டேன். அதனால்.

இப்போது பேசுகிறேனே என்கிறீர்களா? இது பேச்சா? நீங்கள் தப்பாகச் சொன்னீர்கள், திருத்துகிறேன். கொஞ்சம் நகருங்கள். அந்தப் பையை மிதிக்காதீர்கள். உள்ளே இரும்பு இருக்கிறது.

சன்னாசி என்று ஒருவன். கொத்தனார். பேரைக் கேட்டு அப்பாவி என்று நினைத்துவிடாதீர்கள். அண்ணனையும் அண்ணன் மச்சினனையும் கடப்பாரையால் அடித்துக் கொன்றவன். பாகப்பிரிவினையில் வீட்டுக்கு நடுவே அண்ணன்காரன் ஒரு சுவர் எழுப்பினான். சுவர் இவன் பக்கம் தள்ளி வந்துவிட்டது. போதாததற்குக் கோணல் வேறு. கொத்தனாருக்கு எது பொறுக்கவில்லையோ, கடப்பாரையை எடுத்துவிட்டான். செய்தவன்தான். அவனே சொல்வான். செஷன்ஸ் கோர்ட்டில் தூக்கு. அப்பீலில் தூக்கு. டெல்லியில் தூக்கு. அப்புறம் கருணை மனு. அது போய் எந்த மேசையிலோ படுத்துக்கொண்டது. வருடக்கணக்கில் எழுந்திருக்கவில்லை.

செஷன்ஸில் தீர்ப்பு சொன்ன அன்றைக்கே அவனைத் தனிக் கொட்டடியில் போட்டோம். எப்போதும் அப்படித்தான் செய்வோம். தூக்குக் கைதியோடு காவலர் வீண் பேச்சு பேசக் கூடாது என்று சூப்பிரண்டு சுவரிலேயே பெயின்டால் எழுதி வைத்திருந்தார். நான் அதை மீறியதில்லை. அவனிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை.

திட்டியிருக்கிறேன். அது வேறு.

வந்த அன்றைக்குச் சோற்றைத் தள்ளி வைத்துவிட்டுச் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தான். எனக்கு வந்ததே கோபம். "ஏண்டா, பண்ணுறதையும் பண்ணிட்டுச் சோத்து மேல என்னடா கோவம்? தின்னு" என்றேன்.

"சுவரு பொரிஞ்சு போச்சுங்க ஏட்டையா. உப்புத் தண்ணியில பூசியிருக்கானுங்க."

"சுவரப் பத்தி உன்னைக் கேட்டனா?"

"இல்லைங்க."

"அப்ப தின்னு."

தின்றான். இதைப் பேச்சு என்பீர்களா? நீங்களே சொல்லுங்கள். கடமை. கைதி பட்டினி கிடந்தால் எனக்குத்தான் மெமோ வரும்.

அந்தச் சமயம் நான் வீடு கட்டிக்கொண்டிருந்தேன். பி.எஃப். லோன். தவணை தவணையாக வந்ததால் வேலை வருடக்கணக்கில் இழுத்தது. கொத்தனார் ஒருத்தன் வாய்த்தான் பாருங்கள், சிமென்டில் பாதி அவன் வீட்டுக்குப் போகும், மீதியில் பாதி மணலாக மாறும். வீட்டுக்குப் போய் அவனைத் திட்ட முடியாது, வேலையை விட்டுவிட்டு ஓடிவிடுவான். ஆகவே டியூட்டியில் நின்றுகொண்டு திட்டுவேன். காற்றைப் பார்த்துத்தான் திட்டுவேன். கம்பிக்கு அந்தப் பக்கம் ஒருத்தன் காது வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால் அது என் குற்றமா?

ஒரு நாள் உள்ளேயிருந்து குரல். "மாடிப்படி எந்தப் பக்கம் ஏட்டையா வெக்கிறான்?"

"வாயை மூடு."

"வாசலுக்கு நேரா வெச்சான்னா ஏறும்போது தலையிடிக்கும். பின்பக்கம் திருப்பச் சொல்லுங்க." அதோடு விட்டானா? ரசத்தைத் தொட்டுத் தரையில் கோடு போட ஆரம்பித்துவிட்டான். இது வாசல், இது அடுப்படி, இது படி. "நடுச்சுவரு நேரா நிக்குதான்னு தூக்குக்குண்டு போட்டுப் பாத்தாங்களா?"

"டேய்! இந்த இடத்துல நின்னுக்கிட்டு அந்த வார்த்தையை எடுக்காதேடா" என்று கத்தினேன்.

"கொத்தனாருக்கு அதுதானுங்க சாமி" என்றான். சிரிக்கிறான். என்ன ஜென்மமோ.

படி பின்பக்கம் போய்விட்டது. அவன் சொல்லி அல்ல. டீ குடித்துக்கொண்டிருந்தேன், எனக்கே தோன்றியது.

இப்படித்தான் எல்லாம். அடுப்படி மேடை உயரம் எனக்கே தோன்றியது. தண்ணித் தொட்டிக்கு இடம் எனக்கே தோன்றியது. ஒரே ஒரு இடத்தில்தான் அவன் ரொம்ப வாயாடினான். மூலையில் சின்னதாக ஒரு அறை, சாமான் போட. அதற்குக் கிழக்கே ஜன்னல் வை என்கிறான்.

"சாமான் ரூமுக்கு எதுக்குடா ஜன்னலு?"

"சாமான் போட மாட்டீங்க ஏட்டையா. என்னிக்காச்சும் ஒரு ஆளு படுப்பாங்க. படுத்துக் கெடக்கிற ஆளுக்கு விடியறது தெரியணும்."

"நான் என்ன வீடு கட்டுறனா, சத்திரம் கட்டுறனா? உன் புத்தி உன்கூடவே இருக்கட்டும்."

ஜன்னல் வைத்தேன். நான் வைக்கவில்லை, கோமதி வைத்தாள். கோமதி என் பெண்டாட்டி. கிழக்கே ஜன்னல் வைத்தே ஆகவேண்டும் என்று ஒரே பிடிவாதம். அவளுக்கு யார் சொன்னார்கள் என்று இன்றுவரை தெரியாது. நான் அவளிடம் எதுவும் பேசுவதில்லை. வீட்டுக்குப் போனதும் சட்டையைக் கழற்றிக்கொண்டே, இன்றைக்கு அந்தப் பயல் என்னென்ன உளறினான் தெரியுமா என்று திட்டுவேன். கேட்டுக்கொண்டே சோறு போடுவாள். "சாப்பிட்டானா?" என்பாள். "அவன் சாப்பிட்டா என்ன, சாப்பிடாட்டி என்ன?" என்று கத்துவேன். மறுநாள் என் டிபன் கேரியரில் ஒரு அடுக்கு கூடுதலாக இருக்கும்.

அப்புறம் ஒரு நாள் டெல்லி மேசை எழுந்துவிட்டது. கருணை மனு தள்ளுபடி. தேதி குறித்துக் காகிதம் வந்தது.

முறை என்ன தெரியுமா? ஆளை எடை போட வேண்டும். எடைக்குத் தகுந்தபடி கயிற்றின் நீளம். மணல் மூட்டை கட்டித் தொங்கவிட்டுப் பார்க்க வேண்டும். எடை போட்டோம். சூப்பிரண்டு மூக்குக் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். உள்ளே வந்தபோது இருந்ததைவிட எடை கூடியிருந்தது. ஜெயில் சோற்றில் எவனுக்கும் எடை கூடியதாகச் சரித்திரம் இல்லை. இளைத்திருந்தது நான்.

அன்றைக்கென்று பார்த்து என் வீட்டில் பாத்ரூம் தளம் போடுகிறார்கள். தண்ணீர் எந்த மூலைக்கு ஓட வேண்டும், அந்த வாட்டம் எந்தப் பக்கம் என்று இந்தப் பயல் இன்னும் சொல்லவில்லை. எடை பார்த்து முடித்துக் கொட்டடிக்குத் திரும்பி வந்ததும் கேட்டேன். திட்டித்தான் கேட்டேன்.

"டேய், வாட்டம் எந்தப் பக்கம்டா?"

தரையைப் பார்த்தான். ரசக் கோடெல்லாம் காய்ந்து கிடந்தது. "மறந்துபோச்சு ஏட்டையா" என்றான்.

பாருங்கள்! எவ்வளவு முக்கியமான விஷயம்! ஒருத்தன் நம்பி இருக்கிறானே என்று கொஞ்சமாவது எண்ணம் வேண்டாமா? எடை போட்டார்களாம், மறந்துவிட்டதாம். பொறுப்பில்லாத பயல். எனக்கு அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. பாத்ரூமை நினைத்துத்தான்.

அந்த வாரத்தில் ஒரு வக்கீலம்மா வந்தார். தமயந்தி. சின்ன வயது. காசு வாங்காமல் கேஸ் நடத்துகிறவர். மணல் மூட்டை கட்டி வைத்திருக்கும்போது மனுப் போட்டு நிறுத்திவிட்டார். மனுவில் என்ன இல்லை? தூக்கு என்பதே அரசியல் சட்டத்துக்கு விரோதம். உயிர் என்பது சட்டம் காக்க வேண்டிய பொருள், எடுக்க வேண்டிய பொருள் அல்ல. கயிற்றில் தொங்கவிடுவது கொடுமை. இத்தனை வருடம் காக்க வைத்தது கொடுமை. தனியாக அடைத்தது கொடுமை. எல்லாமே கொடுமை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அப்படிப் பார்த்தால் நான் அதே கொட்டடிக்கு வெளியே அத்தனை வருடம் நின்றேனே, அது என்ன சட்டம்?

உயர் நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகள். தூக்கு செல்லும், கயிறும் செல்லும், டெல்லியில் எப்போதோ முடிவாகிவிட்டது, அதை விடுங்கள் என்றார்கள். தாமதத்துக்குக் கைதியே மனு மேல் மனுப் போட்டதுதான் காரணம் என்றது அரசாங்கம். கடைசியில் தனிக் கொட்டடி ஒன்றுதான் மிச்சம். எல்லா மனுவும் முடிகிற வரைக்கும் ஒருவன் தூக்குக் கைதியே இல்லையாம். அதற்கு முன்னால் தனியாக அடைத்தால், கோர்ட் கொடுக்காத இன்னொரு தண்டனையை ஜெயில் கொடுத்ததாக அர்த்தமாம். அதுவும் டெல்லியிலேயே எப்போதோ சொன்னதாம். எங்களுக்கு யார் வந்து சொன்னது? எங்கள் சுவரில் சூப்பிரண்டு எழுதினதுதான் இருந்தது.

அரசாங்கம் என்ன பதில் போட்டது தெரியுமா? அவன் தனியாகவே இல்லை, காவலர்கள் தினமும் அவனோடு அன்பாகப் பேசிப் பழகினார்கள் என்று. அப்படியா, அந்தக் காவலரைக் கூப்பிடுங்கள் என்றார் பெரிய நீதிபதி.

கோர்ட் வராந்தாவில் அரசு வக்கீல் என் தோளில் கை போட்டார். "பேசினேன்னு சொல்லுங்க ஏட்டு. வீட்டு விஷயம், ஊர் விஷயம், எல்லாம் பேசுவோம்னு சொல்லுங்க. அதோட கேஸ் முடிஞ்சுது."

"முடிஞ்சுதுன்னா?"

"மறுபடி தேதி குறிச்சுரலாம்."

"நான் பேசலையே சார்."

"என்னய்யா இது, அத்தனை வருஷம் பேசாம எப்படிய்யா நின்னே?"

"பேசினா ரூல் மீறினதா ஆகும். நாளைக்கு மெமோ குடுப்பீங்க."

"குடுக்க மாட்டோம்யா!"

"எழுதிக் குடுங்க."

எழுதிக் கொடுக்கவில்லை. கையை எடுத்துக்கொண்டார். இவர்களை நம்பி என் சர்வீஸில் கரும்புள்ளி வாங்கிக்கொள்ள நான் என்ன முட்டாளா? கூண்டு ஏறினேன்.

"கைதியோடு பேசுவீர்களா?" என்றார் பெரிய நீதிபதி. நல்ல தமிழ்.

"ஒரு வார்த்தை பேசினது இல்லைங்க மை லார்ட்."

"ஒரு வார்த்தைகூடவா?"

"திட்டியிருக்கேனுங்க."

அரசு வக்கீல் துள்ளி எழுந்தார். "திட்டினாலும் அது பேச்சுதான் மை லார்ட்! மனுஷனுக்கு மனுஷன் வார்த்தைப் பரிமாற்றம்!"

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "திட்டுறது எப்படி சார் பேச்சாகும்? அப்படின்னா நான் என் வீட்டுக்காரியோட தினமும் பேசிக்கிட்டிருக்கேன்னு ஆகும். அவளை இங்க கூப்பிட்டுக் கேளுங்க. கல்யாணம் ஆன நாளா இந்த மனுஷன் வாயத் திறந்து ஒரு வார்த்தை பேசினதில்லைன்னுதான் சொல்லுவா. சத்தியம் பண்ணுவா."

கோர்ட்டே சிரித்தது. எதற்குச் சிரித்தார்கள் என்று தெரியவில்லை. வக்கீலம்மா மட்டும் சிரிக்கவில்லை. குனிந்து பேனா மூடியைத் திருகிக்கொண்டிருந்தார்.

பெரிய நீதிபதி விடவில்லை. "நீங்கள் திட்டினால் அவர் பதில் சொல்வாரா?"

"சொல்வானுங்க."

அரசு வக்கீல் முகத்தைப் பார்க்க வேண்டுமே, பல்லெல்லாம் வெளியே.

"நான் காதுல வாங்கிக்கிறது இல்லைங்க மை லார்ட்" என்றேன். பல் உள்ளே போய்விட்டது.

மாடிப்படி எந்தப் பக்கம் என்று நீதிபதி கேட்கவில்லை. கேட்காததையெல்லாம் சொல்ல நான் என்ன பேச்சாளியா?

தீர்ப்பு வந்தது. தாமதமும் தனிமையும் சேர்ந்து அரசியல் சட்டம் கொடுத்த உரிமையை மீறிவிட்டன, தூக்கு ரத்து, ஆயுள். அதோடு விட்டார்களா? 'இந்த மனிதன் காதில் ஆண்டுக்கணக்கில் விழுந்த ஒரே மனிதக் குரல், ஒரு காவலரின் வசவு' என்று எழுதி, பக்கத்திலேயே என் பேர்! மாசிலாமணி! தீர்ப்பு இருக்கிறவரைக்கும் என் பேர் அதில் இருக்கும். கொடுமைக்குச் சாட்சி. ஒழுங்காக டியூட்டி பார்த்ததற்குக் கிடைத்த மரியாதை.

கோமதிக்கு யாரோ படித்துக் காட்டியிருக்கிறார்கள். விழுந்து விழுந்து சிரித்தாள். சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள். "ஒரு வார்த்தை பேசினதில்லைன்னு கோர்ட்ல சத்தியம் பண்ணிட்டு வந்தீங்களா? நம்ம தெருவே சாட்சி சொல்ல வந்திருக்குமே" என்றாள்.

"என்னத்துக்குடி சாட்சி?"

"ஒண்ணுமில்ல. கை கழுவுங்க."

நேரே கொட்டடிக்குப் போய் அவனைப் பிடித்தேன். "உன்னால என் பேரு கெட்டுச்சுடா. எனக்குக் கல்நெஞ்சுன்னு எழுதிட்டாங்கடா. நல்லா இருடா" என்று திட்டினேன். நான் பேசினதே இல்லை என்று அவனும் மனுவில் சொல்லியிருந்தான். வாழ்க்கையில் அந்த ஒரு தடவைதான் உண்மை சொன்னான் போலிருக்கிறது. கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதான். அழுகிற ஆளைப் பார்த்தால் எனக்கு ஆகாது.

"அழுகைய நிறுத்துடா. வாட்டத்தைச் சொல்லு."

மூக்கை உறிஞ்சினான். "எடது மூலைக்கு ஏட்டையா."

தளம் போட்டுக் காய்ந்து முடிந்துவிட்டது. வலது மூலைக்குப் போட்டிருந்தார்கள்! இன்றைக்கும் என் வீட்டு பாத்ரூமில் தண்ணீர் நிற்கிறது. போன மழைக்கு நான் வழுக்கி விழுந்தேன். கோமதி நடப்பதே சுவரைப் பிடித்துக்கொண்டுதான். சொல்ல வேண்டிய நேரத்தில் சொல்லியிருந்தால் வந்திருக்குமா? இதுதான் எனக்கு அவன் மேல் இருக்கிற கோபம். வேறு ஒன்றும் இல்லை.

நான் ரிட்டயர் ஆனேன். அவன் உள்ளேயே கிடந்தான். போன வருடம் ஏதோ ஒரு தலைவர் பிறந்தநாளுக்கு முன்விடுதலை கொடுத்தார்கள். ஊருக்குப் போய்விட்டான். அவனை நேரில் பிடித்துத் திட்ட வேண்டும் என்று ஒரு தடவை போனேன்.

அந்த வீடு அப்படியே இருக்கிறது. நடுவே அந்தக் கோணல் சுவர். சுவருக்கு அந்தப் பக்கம் அண்ணி. அவள் இவனோடு பேசுவதில்லை. புருஷனையும் கூடப்பிறந்தவனையும் இவன் கையால் பறிகொடுத்தவள் எப்படிப் பேசுவாள்? அவளை நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். ஆனால் ஊரே பேசவில்லை. டீக்கடையில் காசை வாங்கிக்கொண்டு டம்ளரை வைத்துவிட்டுத் திரும்பிக்கொள்கிறான். வேலைக்கு யாரும் கூப்பிடவில்லை. கடப்பாரை பிடித்த கையில் சுவர் பூசுகிற கரணையைக் கொடுக்க யாருக்கும் மனது வரவில்லை. ஜெயிலில் இருந்த எடையில் பாதிதான் இருக்கிறான்.

எனக்கு எதிரே கீழே உட்கார்ந்தான். "ஏட்டையா, ஏதாச்சும் திட்டுங்க" என்றான்.

வழியெல்லாம் யோசித்துக்கொண்டு போனது ஒன்றுகூட வாயில் வரவில்லை. துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஏறிவிட்டேன்.

வீட்டுக்கு வந்து கோமதியைப் பிடித்துத் திட்டினேன். ஆள் இளைச்சுட்டான், பயல் சரியாத் தின்னுறதில்லை, ஊராடி அது என்று. காலையில் எழுந்து பார்த்தால் மூலை அறையில் கிடந்த சாமானெல்லாம் வராந்தாவில் இருக்கிறது. அறையைக் கழுவிவிட்டு ஜன்னலைத் திறந்து வைத்திருக்கிறாள். "பாத்ரூம் வாட்டம் மாத்தணும்னு சொல்லிக்கிட்டே இருக்கீங்களே, அந்த ஆளை வரச் சொல்றதுதானே" என்றாள்.

நியாயமாகத்தான் பட்டது. அவன் தப்பு, அவன்தான் உடைத்துச் சரி பண்ண வேண்டும். நான் ஏன் இன்னொருத்தனுக்குக் கூலி கொடுக்க வேண்டும்?

பையில் என்ன என்று கேட்கிறீர்களா? கரணை, ரசமட்டம். புதுசு, டவுனில் வாங்கிக்கொண்டு வருகிறேன். அவனுடைய பழைய சாமானெல்லாம் கேஸ் பொருளாகப் போய்விட்டது. எத்தனை நாள் வேலையா? எனக்கு எப்படித் தெரியும்? பயல் மெதுவாகச் செய்கிறவன். பாத்ரூம் முடிந்தால் காம்பவுண்டுச் சுவர் இருக்கிறது. அது முடிந்தால் மாடி. பேர் கெட்டுப்போனவன் வீட்டில் வேலைக்கு என்ன குறைச்சல்?

உங்கள் பேப்பரில் நானும் பார்த்தேன். தூக்கே கூடாதென்று டெல்லியில் மறுபடி யாரோ கேஸ் போட்டிருக்கிறார்களாம். தோற்கட்டும். நான்தான் சொன்னேனே, நான் தூக்குக்கு ஆதரவு. கொலைகாரனைச் சும்மா விடக் கூடாது. இவன் விஷயம் வேறு. வீடு முடியவில்லை.

நகருங்கள், என் வீட்டுக்குப் போகிற விலக்கு வந்துவிட்டது. கண்டக்டர்! ஆள் இறங்கணும்! அதோ பாருங்கள், நிழற்குடை இருக்கும்போது வெயிலில் நிற்கிறான். தலையில் ஒரு துண்டு இல்லை. அறிவு என்று ஒன்று இருந்தால்தானே? "டேய் சன்னாசி! நிழல் என்ன உன்னைக் கடிச்சா தின்னுரும்? துணிப்பை எங்கடா? நாலு வேட்டி எடுத்துட்டு வான்னு சொன்னேன்ல?"

எப்போது சொன்னேன் என்று சிரிக்கிறீர்களாக்கும். போனில், சார். போனில் திட்டினேன்.